ரயில் பாதைக்காக ஊரே வேஷம் கட்டிய கதை: ‘வைல்ட் அண்ட் வூலி’ (1917) பற்றிச் சில கேள்விகள்

டக்ளஸ் ஃபேர்பேங்க்ஸ் நடித்த இந்த மௌனப்படத்தைப் பார்க்கச் சொன்னால், பார்க்கும் முன்பும் பார்த்த பின்பும் சில கேள்விகள் தவறாமல் வருகின்றன. அவற்றுக்கான பதில்களை இங்கே தருகிறேன். படத்தின் முடிவைப் பற்றிய கேள்வி ‘முடிவு எப்படி?’ என்ற பகுதியில் இருக்கிறது. தெரிந்துகொள்ள விரும்பாதவர்கள் அதை மட்டும் தாண்டிவிடலாம்.

இது கௌபாய் படமா, காமெடிப் படமா?

இரண்டும்தான். முதல் முக்கால் பங்கு கௌபாய் படங்களைக் கிண்டல் செய்கிறது. கடைசிக் கால் பங்கில், அதுவரை கிண்டல் செய்த அதே கௌபாய் படமாக மாறிவிடுகிறது. குதிரை, துப்பாக்கி, கடத்தப்பட்ட பெண், துரத்தல் எல்லாம் உண்டு. இந்த மாற்றத்தை முதல் தடவை பார்க்கும்போது உணரவே முடியாது. அவ்வளவு லாகவமாகச் செய்திருக்கிறார்கள்.

கதை என்ன?

ஜெஃப் ஹில்லிங்டன் என்ற இளைஞனின் அப்பா நியூயார்க்கில் பெரிய ரயில்வே முதலாளி. பையனுக்கு அப்பாவின் தொழிலில் கொஞ்சமும் நாட்டமில்லை. காலையில் எழுந்தது முதல் மேற்கு அமெரிக்காவைப் பற்றிய மலிவு விலை சாகச நாவல்கள், சுருக்குக் கயிறு வீச்சு, துப்பாக்கிப் பயிற்சி. வீட்டு பட்லரைக் கயிறு வீசிப் பிடிக்கும் அளவுக்குப் பித்து முற்றியிருக்கிறது.

அந்த நேரத்தில் அரிசோனாவில் பிட்டர் கிரீக் என்ற ஊரிலிருந்து சிலர் அப்பாவைப் பார்க்க வருகிறார்கள். அங்கே உள்ள சுரங்கத்துக்கு ஒரு கிளைப்பாதை போட்டுத் தரவேண்டும் என்பது அவர்கள் கோரிக்கை. அப்பாவுக்கு ஒரு யோசனை: பையனையே அனுப்பி இடத்தைப் பார்த்து வரச் சொல்லலாம், உண்மையான மேற்கைப் பார்த்தால் பித்தமும் தெளியும்.

ஆனால் பையனின் ஆசை ஊர்க்காரர்களுக்குத் தெரிந்துவிடுகிறது. பிட்டர் கிரீக் இப்போது நாகரிகமான, அமைதியான சின்ன நகரம். இதைப் பார்த்தால் பையன் ஏமாந்துபோவான், பாதையும் கிடைக்காது. அதனால் ஊர் கூடி ஒரு முடிவெடுக்கிறது: அவன் இருக்கும் வரை 1880களுக்குத் திரும்பிப் போவது. கடைகளின் முகப்பை மாற்றுகிறார்கள், மரியாதைக்குரிய வியாபாரிகள் இடுப்பில் துப்பாக்கி செருகிக்கொள்கிறார்கள். போலி ரயில் கொள்ளை, போலிச் செவ்விந்தியத் தாக்குதல் என்று நிகழ்ச்சி நிரலே தயாராகிறது. யாருக்கும் அடிபடக் கூடாது என்பதால் துப்பாக்கிகளில் வெற்றுத் தோட்டா.

பெரிய மனிதர் வருகிறார் என்றால் ஒரே ராத்திரியில் தார் ரோடு போடுவார்களே, அதையே தலைகீழாகச் செய்கிறார்கள். இருக்கிற வசதியை மறைத்துவைத்துப் பின்தங்கிய ஊராகக் காட்டுகிறார்கள்.

இதற்கு நடுவே ஸ்டீவ் ஷெல்பி என்று ஒருவன். பூர்வகுடி மக்களின் ஒதுக்கிடத்தை நிர்வகிக்க அரசு நியமித்த ஏஜென்ட். அந்த மக்களுக்குச் சேர வேண்டியதைச் சுரண்டித் தின்றவன், மாட்டிக்கொள்ளும் நிலையில் இருக்கிறான். ஊரே கொள்ளை நாடகம் போடப்போகிறது என்றால், அந்தச் சந்தடியில் நிஜக் கொள்ளையே அடித்துவிட்டால் என்ன என்று அவனுக்குத் தோன்றுகிறது. எது நாடகம், எது நிஜம் என்று ஊருக்கே குழம்பிப்போகும் கட்டத்தில், நாவல்களில் படித்ததை எல்லாம் நிஜமாகச் செய்து காட்ட வேண்டிய ஒரே ஆளாக ஜெஃப் மிஞ்சுகிறான்.

ஆரம்பக் காட்சியைப் பற்றி எல்லோரும் பேசுகிறார்களே, அப்படி என்ன அதில்?

படம் பழைய மேற்கையும் புதிய மேற்கையும் அடுத்தடுத்து வைத்துக் காட்டித் தொடங்குகிறது. குதிரைகள் இழுத்த தபால் வண்டியின் இடத்தில் ரயில். ‘அந்தக் காலம் போய்விட்டது’ என்பதை ஒரு வரலாற்றுப் பாடம்போலச் சொல்லி முடித்துவிடுகிறார்கள்.

அப்புறம் ஜெஃப் வருகிறான். கூம்பு வடிவத் தோல் கூடாரம், முன்னால் கணப்பு, பக்கத்தில் உட்கார்ந்து ஒரு கௌபாய் படித்துக்கொண்டிருக்கிறான். பரந்த புல்வெளியில் எங்கோ இருக்கிறான் என்று நினைக்கிறோம். பிறகுதான் தெரிகிறது, அது நியூயார்க் மாளிகையில் அவனுடைய படுக்கையறை. ஒரு வசனமும் இல்லாமல், எவ்வளவு காட்டுகிறோம், எவ்வளவு மறைக்கிறோம் என்பதை மட்டும் வைத்தே சிரிப்பை வரவழைக்கிறார்கள். படம் முழுவதற்குமான சூத்திரமும் இதுதான். முதலில் ஒரு மனிதன் தன் அறையைப் பொய்யான மேற்காக மாற்றிக்கொள்கிறான். பிறகு ஒரு ஊரே தன்னை அப்படி மாற்றிக்கொள்கிறது.

இந்தப் படத்துக்கு ஒளிப்பதிவு செய்தவர் விக்டர் ஃப்ளெமிங். 1939இல் ‘தி விசார்ட் ஆஃப் ஆஸ்’, ‘கான் வித் தி விண்ட்’ இரண்டுக்கும் இயக்குநராகப் பெயர் வாங்கிய அதே ஃப்ளெமிங்தான்.

1917இல் மேற்கு அமெரிக்கா நிஜமாகவே அவ்வளவு மாறிவிட்டதா?

மாறி வெகு நாளாகிவிட்டது. கிழக்கையும் மேற்கையும் இணைத்த முதல் ரயில் பாதை யூட்டாவில் 1869 மே 10 அன்று முடிந்தது. 1890 மக்கள்தொகைக் கணக்கெடுப்புக்குப் பிறகு, குடியேற்றம் எட்டாத பகுதி என்று தனியாக எல்லைக்கோடு கிழிக்க இனி வழியில்லை என்று அந்தத் துறையே சொல்லிவிட்டது. மூன்று ஆண்டு கழித்துச் சிகாகோவில் ஃபிரெடெரிக் ஜாக்சன் டர்னர் என்ற வரலாற்றாசிரியர் இதை வைத்து ஒரு புகழ்பெற்ற கட்டுரை வாசித்தார்: அமெரிக்க வரலாற்றின் முதல் அத்தியாயம் முடிந்தது என்பது அதன் சாரம். அதே 1893இல், அதே சிகாகோவில், உலகக் கண்காட்சி மைதானத்துக்குப் பக்கத்திலேயே பஃபலோ பில் என்ற வில்லியம் கோடி தன் மேற்கத்திய சாகசக் காட்சியை டிக்கெட் போட்டு நடத்திக்கொண்டிருந்தார். ஒருவர் இரங்கல் வாசிக்கிறார்; பக்கத்திலேயே இன்னொருவர் அதையே காட்சியாக்கி வசூல் செய்கிறார்.

அரிசோனா 1912 பிப்ரவரியில் மாநிலமானது. அங்கே அப்போது பெரிய விஷயம் செம்புச் சுரங்கம். படம் வெளிவந்த அதே 1917இல், ஜூலை 12 அன்று, பிஸ்பி என்ற சுரங்க நகரில் வேலைநிறுத்தம் செய்த தொழிலாளர்களையும் அவர்களை ஆதரித்தவர்களையும் ஆயுதம் தாங்கிய ஆட்கள் வளைத்துப் பிடித்தார்கள். சுமார் 1,200 பேரை மாட்டு ரயில் பெட்டிகளில் ஏற்றி நியூ மெக்சிகோ பாலைவனத்தில் கொண்டுபோய் விட்டார்கள். சுரங்கம், ரயில், தொழிற்சங்கம், முதலாளி: நிஜ அரிசோனாவின் சண்டை இதைப் பற்றித்தான் நடந்தது. படத்தில் சுரங்கமும் ரயிலும் உண்டு, தொழிலாளி இல்லை. நகைச்சுவைப் படத்திடம் இதைக் கேட்பது அதிகம்தான். ஆனாலும் சொல்லாமல் விட மனமில்லை.

ஒரு ஊர் முழுக்க வேஷம் போடுவது நம்பும்படி இருக்கிறதா?

என்னிடம் அதிகம் கேட்கப்படும் கேள்வி இது. படத்தைக் கற்பனை என்று ஒதுக்குகிறவர்கள் எல்லோரும் இங்கேதான் சறுக்குகிறார்கள். வேஷம் போட்ட ஊர்கள் நிஜத்தில் இருந்தன.

வயோமிங் மாநிலத்தின் ஷயான் நகரில் 1897இல் ‘ஃப்ரான்டியர் டேஸ்’ என்ற திருவிழா தொடங்கியது. முரட்டுக் குதிரை அடக்குவது, கயிறு வீச்சு என்று பழைய கௌபாய் வித்தைகளைக் காட்டும் விழா. இந்த யோசனையைச் சொன்னவர் மேய்ச்சல்காரர் அல்ல, யூனியன் பசிஃபிக் ரயில்வேயின் பயணிகள் பிரிவு ஏஜென்ட் ஃபிரெடெரிக் ஏஞ்சியர். விழா இருந்தால் கூட்டம் வரும், கூட்டம் வந்தால் டிக்கெட் விற்கும். தபால் வண்டியை ஒழித்த அதே ரயில், முப்பது ஆண்டுகளுக்குள் அந்தத் தபால் வண்டிக் காலத்தைப் பார்க்க ஆட்களைக் கூட்டி வந்தது.

டூம்ஸ்டோன் கதை இன்னும் சுவையானது. அதுவும் அரிசோனா. வெள்ளிச் சுரங்கத்தால் 1879இல் உருவான ஊர். 1881 அக்டோபரில் அங்கே வையட் ஏர்ப் என்ற காவல் அதிகாரியின் கூட்டத்தாருக்கும் எதிராளிகளுக்கும் நடந்த, அரை நிமிடமே நீடித்த துப்பாக்கிச் சண்டைதான் ஓ.கே. கொரால் என்று உலகப் புகழ் பெற்றது. பிறகு சுரங்கத்தில் தண்ணீர் புகுந்தது, வெள்ளி போனது, ஆட்களும் போனார்கள். 1929இல் மாவட்டத் தலைநகர் என்ற அந்தஸ்தும் பிஸ்பிக்குப் போனது. அதே 1929இல் டூம்ஸ்டோன் என்ன செய்தது தெரியுமா? ஊருக்கு ஐம்பது வயது என்று ‘ஹெல்டொராடோ’ என்ற விழா எடுத்து, தன் பழைய துப்பாக்கிச் சண்டைகளைத் தானே நடித்துக் காட்டியது. இன்று அந்த ஊரின் பிழைப்பே அதுதான். பிட்டர் கிரீக்குக்காரர்கள் திரையில் செய்ததை, பன்னிரண்டு ஆண்டு கழித்து டூம்ஸ்டோன்காரர்கள் தெருவில் செய்தார்கள்.

நவீனம் வந்தால் பழைமை அழியும் என்பது பொதுவாகச் சொல்லும் கதை. இந்தப் படம் அதை நம்பவில்லை. ரயில் வேண்டும் என்பதற்காகத்தான் பிட்டர் கிரீக்கில் பழைமை தூசி தட்டி வெளியே எடுக்கப்படுகிறது. அங்கே பழைமைக்கு ஒரு விலை இருக்கிறது, கொடுப்பவர் நியூயார்க்காரர். 1917இல் இதை இவ்வளவு துல்லியமாகப் பிடித்த இன்னொரு படத்தை நான் பார்த்ததில்லை.

அப்பாவின் பெயரில் ஏதோ உள்குத்து இருக்கிறது என்கிறார்களே?

அவர் பெயர் காலிஸ் ஜே. ஹில்லிங்டன். சென்ட்ரல் பசிஃபிக், சதர்ன் பசிஃபிக் ரயில்வேக்களின் மாபெரும் முதலாளி காலிஸ் பி. ஹன்டிங்டன். அன்றைய பார்வையாளர்களுக்கு விளக்கம் தேவைப்பட்டிருக்காது.

டக்ளஸ் ஃபேர்பேங்க்ஸ் என்றால் முகமூடியும் வாளும் அல்லவா?

அது 1920க்குப் பிறகு. ‘தி மார்க் ஆஃப் ஸோரோ’வில் தொடங்கி ‘பாக்தாத் திருடன்’ (1924) வரை நாம் அறிந்த ஃபேர்பேங்க்ஸ் அவர். அதற்கு முன்னால் ஐந்தாறு வருடம், கோட்டு சூட்டு போட்ட நவீன இளைஞனாகத் துள்ளிக் குதிக்கும் நகைச்சுவைப் படங்களில்தான் நடித்தார். என் ருசிக்கு அந்த ஃபேர்பேங்க்ஸ்தான் உசத்தி. பெரிய செட்டும் பட்டு உடையும் வந்த பிறகு அவர் கொஞ்சம் சிலையாகிவிட்டார்.

இந்தப் படம் எடுத்தபோது அவருக்கு 34 வயது. பையன் வேடத்துக்குக் கொஞ்சம் அதிகம்தான், ஆனால் நாற்காலியில் ஒழுங்காக உட்காரத் தெரியாத மாதிரி அவர் ஓடியாடுவதில் வயது மறந்துபோகும். இன்னொரு வேடிக்கை: மேற்கைக் கனவு காணும் நியூயார்க் இளைஞனாக நடிக்கும் இவர் பிறந்தது கொலராடோவின் டென்வரில். மேற்கிலிருந்து நியூயார்க் நாடக மேடைக்கு ஓடிவந்தவர், இங்கே எதிர்த்திசையில் ஓடுகிறார்.

அனிதா லூஸின் பங்கு என்ன?

திரைக்கதை அவருடையது. மூலக்கதை ஹோரஸ் பி. கார்ப்பென்டர், இயக்கம் ஜான் எமர்சன். லூஸும் எமர்சனும் ஃபேர்பேங்க்ஸுக்காகத் தொடர்ந்து படங்கள் செய்தவர்கள், 1919இல் கல்யாணமும் செய்துகொண்டார்கள். 1925இல் லூஸ் எழுதிய ‘ஜென்டில்மென் ப்ரிஃபர் ப்ளாண்ட்ஸ்’ நாவல் அவரை உலகப் புகழுக்குக் கொண்டுபோனது.

மௌனப்படத்தில் நடுநடுவே வரும் எழுத்து அட்டைகள் அதுவரை பெரும்பாலும் தகவல் பலகைகள்தான்: ‘மறுநாள் காலை’, ‘இதற்கிடையில் பண்ணையில்’ என்ற ரகம். லூஸ் அவற்றை ஒரு குரலாக மாற்றினார். படத்தைப் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டே குத்தலாகப் பேசும் சிநேகிதியின் குரல். அதனால் அட்டைகளை அவசரமாகத் தாண்டாதீர்கள். பாதிச் சிரிப்பு அங்கேதான் இருக்கிறது.

ஜெஃப்பைக் கேலி செய்கிறதா, ஊரையா?

இருவரையும், ஆனால் கோபமில்லாமல். ஜெஃப் புத்தகத்தில் படித்த மேற்கத்தியப் பேச்சையே பேசுகிறான், நாவலில் இருக்கிற மாதிரியே நடக்கிறான். ஊர்க்காரர்களும் அவனுக்காக அதே நாவலிலிருந்துதான் நடிக்கிறார்கள். நிஜமான பழைய மேற்கு எப்படி இருந்தது என்று யாருக்கும் அக்கறையில்லை. இரு தரப்பும் ஒரே மலிவு நாவலின் வாசகர்கள் என்பதுதான் நகைச்சுவையின் ஆணிவேர்.

அந்தக் காலத்தில் வில்லியம் எஸ். ஹார்ட் என்ற நடிகர் கௌபாய் படங்களை மிகுந்த பக்தியோடு, உடையிலும் இடத்திலும் நிஜத்தன்மை வேண்டும் என்ற பிடிவாதத்தோடு எடுத்துக்கொண்டிருந்தார். ஜனங்கள் அதைக் கண்ணீரோடு பார்த்தார்கள். ஃபேர்பேங்க்ஸ் படம் அந்தக் கண்ணீரின் முன்னால் வந்து கண்ணடிக்கிறது.

பூர்வகுடி மக்களைக் காட்டியிருக்கும் விதம்?

மோசம். சாராயம் கொடுத்தால் எதற்கும் தயாராகும் கூட்டமாக அவர்களைக் காட்டுகிறார்கள். மெக்சிகோக்காரனாக வரும் பெட்ரோ வில்லனின் கையாள். ஊர்க்காரர்கள் போடும் ‘செவ்விந்தியர்’ வேடிக்கையைக் கிண்டல் செய்யத் தெரிந்த படத்துக்கு, தன்னுடைய செவ்விந்தியர்களும் அதே நாவலிலிருந்து வந்தவர்கள் என்று உறைக்கவில்லை. படத்தின் கூர்மை சரியாக இந்த இடத்தில் மழுங்கிவிடுகிறது.

ஒன்றை மட்டும் ஒப்புக்கொள்ள வேண்டும். ஒதுக்கிடங்களுக்கு அரசு அனுப்பிய பொருளையும் பணத்தையும் அதிகாரிகள் திருடியது கற்பனை அல்ல. வணிக நிலைய உரிமத்துக்கு லஞ்சம் வாங்கிய விவகாரத்தில் 1876இல் போர்த்துறை அமைச்சர் வில்லியம் பெல்நாப் மீதே பதவிநீக்கக் குற்றச்சாட்டுத் தீர்மானம் வந்தது. வில்லனாக ஒரு துப்பாக்கி ரவுடியை வைக்காமல் அரசு ஏஜென்டை வைத்தது நல்ல தேர்வு. ஆனால் அவன் யாரைச் சுரண்டினானோ, அவர்கள் பக்கத்துக் கதை படத்தில் இல்லை.

முடிவு எப்படி? (தெரிய வேண்டாம் என்பவர்கள் தாண்டிவிடுங்கள்)

நெல் என்ற பெண்ணை ஜெஃப் மீட்கிறான், ஊரையும் காப்பாற்றுகிறான். வேஷம் கலைந்து எல்லாம் தெரிந்த பிறகு ரயிலேறிப் போகிறான். படம் முடிந்தது என்று நினைக்கும்போது ஒரு அட்டை வந்து, கல்யாணம் இல்லாமல் கௌபாய் படத்தை முடிக்கலாமா என்று கேட்கிறது. சரி, கல்யாணம் ஆனால் எங்கே குடியிருப்பது? அவளுக்குக் கிழக்கு பிடிக்கும், இவனுக்கு மேற்கு பிடிக்கும். கிழக்கும் மேற்கும் சந்திப்பதேயில்லை என்ற ஆங்கிலக் கவிஞர் கிப்ளிங்கின் வரியை வைத்து ஒரு சிலேடையும் உண்டு.

அடுத்த காட்சியில் பணக்கார மாளிகை, சீருடைப் பணியாளர்கள், படியிறங்கி வரும் தம்பதி. நியூயார்க் என்று முடிவு கட்டுகிறோம். வாசல் கதவு திறக்கிறது. வெளியே புல்வெளி, குதிரைகள், கௌபாய்கள். ஆரம்பத்தில் படுக்கையறையில் செய்த தந்திரத்தை அப்படியே திருப்பிப்போட்டிருக்கிறார்கள்.

சமரசம் என்று இதைச் சிலர் பாராட்டுவார்கள். பணமிருந்தால் இரண்டு உலகத்தையும் வாங்கிக்கொள்ளலாம் என்ற அர்த்தமும் இதில் இருக்கிறது. லூஸ் அதைத் தெரிந்தே செய்திருப்பார் என்றுதான் எனக்குப் படுகிறது.

இப்போது பார்க்க முடியுமா? சலிக்காதா?

அமெரிக்காவில் காப்புரிமை முடிந்துவிட்ட படம், அதனால் இணையத்தில் இலவசமாகவே கிடைக்கிறது. 2008இல் ஃபிளிக்கர் ஆலி நிறுவனம் வெளியிட்ட ஃபேர்பேங்க்ஸ் தொகுப்பிலும் இருக்கிறது. 2002இல் அமெரிக்கத் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் சேர்த்தார்கள்.

ஒரு மணி நேரத்துக்குச் சற்று மேல் ஓடும். இணையத்தில் கிடைக்கும் பிரதிகளில் சில, தப்பான வேகத்தில் ஓடி எல்லோரும் தந்தியடிப்பதுபோல நடப்பார்கள். அப்படியிருந்தால் உடனே மூடிவிட்டு வேறு பிரதி தேடுங்கள். இசையும் அப்படித்தான், மௌனப்படத்துக்கு ஒரே இசை என்று எதுவும் கிடையாது, அரங்குக்கு அரங்கு வாசிப்பவர் மாறுவார். பிரதியோடு வரும் இசை பிடிக்கவில்லை என்றால் சத்தத்தை அணைத்துவிட்டு நீங்களே ஏதாவது போட்டுக்கொள்ளலாம், தப்பில்லை.

இது பிடித்திருந்தால் அடுத்து எதைப் பார்ப்பது?

பஸ்டர் கீட்டனின் ‘கோ வெஸ்ட்’ (1925). அதில் ஒரு மாட்டு மந்தை லாஸ் ஏஞ்சலஸ் நகரத் தெருக்களில் புகுந்துவிடுகிறது. இங்கே நகரத்தான் மேற்குக்குப் போகிறான், அங்கே மேற்கு நகரத்துக்குள் வருகிறது. கிரெகரி லா காவா இயக்கி ரிச்சர்ட் டிக்ஸ் நடித்த ‘உமன்ஹேண்டில்ட்’ (1925) கதையளவில் இன்னும் நெருங்கிய சொந்தம். அதில் முழுப்படம் மிஞ்சவில்லை, இருக்கிறவரை பார்க்கலாம். ஃபேர்பேங்க்ஸையே இன்னும் வேண்டும் என்றால் ஆலன் ட்வான் இயக்கிய ‘மான்ஹாட்டன் மேட்னஸ்’ (1916). மேற்கிலிருந்து வந்தவனுக்கு நியூயார்க் சப்பென்று இருக்கிறது என்று தொடங்கும் கதை. ஆனால் முதலில் ‘கோ வெஸ்ட்’.